நாலு விரல் தள்ளி

அத்தியாயம் ஒன்பது

நேற்று மாலை நாலு மணிக்கு ஊர் நடுவில் நின்று ஒரு பெண்ணைத் திருடி என்று சொன்னேன். இன்று காலை ஒன்பது மணிக்கு, நான் தினமும் தொர்த்தியா என்னும் சோள ரொட்டி கட்டிக்கொண்டு போகும் துணி என்னை முட்டாள் என்று சொன்னது.

துணி எங்கே பேசும்? பேச வைத்தவள் சபினா. என் உதவியாளர். மூன்று வருடம் முன்பு வரை சோலோலா சந்தையில் அவகாடோ விற்றுக்கொண்டிருந்தவள். பழத்தை அமுக்கிப் பார்த்துவிட்டு வாங்காமல் போகிறவர்களை விரட்டிப் பழகிய வாய். அந்த வாய் இப்போது என்னிடம் வேலை பார்க்கிறது.

இந்தக் கேஸுக்காகப் பழைய போட்டோ ஒன்றைத் தேடி அவளை இரண்டு நாள் பனஹச்செலுக்கு அனுப்பியிருந்தேன். காலைப் படகில் வந்து இறங்கியவளிடம் கேஸ் முடிந்துவிட்டது என்று நெஞ்சை நிமிர்த்திச் சொன்னேன்.

"நான் இல்லாமயா?"

"நீ இல்லாமத்தான்."

"அப்ப பயமா இருக்கே அண்ணே."

எரிச்சலாக வந்தது. ஆனாலும் சொன்னேன். எப்படிச் சொல்லாமல் இருப்பது? என் சாமர்த்தியத்தை நானே இன்னொரு முறை கேட்க வேண்டாமா?

எங்கள் ஊர்த் தாய் சாந்தா ரொசாலியா. சிலையாக, சாமி காரியம் பார்க்கும் சபையின் வீட்டில் வருடம் முழுக்க நிற்கிறாள். அவள் உடம்பில் ஒரு பழைய விபில். பழுப்புப் பருத்தியில் சிவப்புப் பறவைகள் போட்ட மேல்சட்டை. அறுபது வருடமாக ஒவ்வொரு திருவிழாவுக்கும் முன்னால் சபைப் பெண்கள் அதை ஏரியில் அலசுவார்கள். இந்த வருடம் அலசினபோது தண்ணீர் சிவந்துவிட்டது. அறுபது தடவை துவைத்த துணியில் ஏது சாயம்? ஆக, தாய் போட்டிருந்தது புதுசு. பழையதைக் காணோம். யாரோ அச்சு அசலாக ஒன்று நெய்து மாட்டிவிட்டு அசலைத் தூக்கிவிட்டார்கள்.

சபைப் பெண்களுக்குத் தலைவி பெத்ரோனா என்னைக் கூப்பிட்டாள். நான் நிக்கானோர் ஷிக்காய், இருபத்திரண்டு வருடம் போலீஸ், ஏழு வருடம் தனித் துப்பறிவாளன், எல்லாவற்றுக்கும் மேலே இந்த ஊரில் பிறந்தவன். காசு வாங்கவில்லை. புகழ் போதும் என்று இருந்துவிட்டேன்.

போலித் துணியைச் சுவரில் மாட்டி முன்னால் நின்று பார்த்தேன். பறவை வரிசைகள் துளி சாய்ந்திருந்தன. இடது ஓரத்தில் நூல் இறுக்கம், வலது ஓரத்தில் நெகிழ்வு. ஊடையை அடிக்கும் பலகையை எந்தக் கை பலமாக இழுக்கிறதோ அந்தப் பக்கம் இறுகும். ஆக, நெய்தவளுக்கு இடது கைப் பழக்கம். ஊரில் இடது கையால் நெய்கிறவள் ஒருத்திதான். எவுசேபியா சொலோத்தியோ. விதவை. தாய்க்கு உடுத்திவிடும் பொறுப்பும் அவளுடையது, துணிப் பெட்டிச் சாவியும் அவளிடம். போதாததற்குப் போன வருடம் முழுக்க "தாய்க்குக் குளிருது" என்று சொல்லி, தாயின் முதுகில் சால்வை போர்த்தியே வைத்திருந்தாளாம். திருட்டை மறைக்கத்தானே?

கோயில் வாசலில் இருநூறு பேர் முன்னால் அவளை நிற்க வைத்து, "இடது கையைத் தூக்கு" என்றேன். தூக்கினாள். உள்ளங்கை வழவழவென்று மின்னியது, ஏதோ அடுப்பில் சுட்ட தழும்பு. "இந்தக் கைதான் திருடிய கை" என்றேன். கடைசி வரிசைக்கும் கேட்கிற மாதிரிச் சொன்னேன். எவுசேபியா என்னை ஒரு தடவை பார்த்தாள், தலையைக் குனிந்துகொண்டாள். ஒரு வார்த்தை பேசவில்லை.

இன்று மூன்று மணிக்குக் கோயில் மணி அடிக்கும். அதற்குள் அவள் பதில் சொல்ல வேண்டும். சொல்லாவிட்டால் சபைப் பெண்கள் தலையில் போடும் அந்த வெள்ளைத் துணியை அவளிடமிருந்து வாங்கிவிடுவார்கள். அதற்குப் பிறகு எந்தப் பெண்ணும் அவளோடு சேர்ந்து பாவு ஓட்ட மாட்டாள், அவளுக்கு நூல் கொடுக்க மாட்டாள், அவள் துணியைச் சந்தைக்கு எடுத்துப் போக மாட்டாள். தறியை நம்பிப் பிழைக்கிறவள். அவளை ஊருக்குள்ளேயே வைத்து ஊரை விட்டுத் தள்ளுகிற வேலை அது.

இவ்வளவையும் கேட்டுவிட்டு சபினா கைதட்டுவாள் என்று எதிர்பார்த்தேன்.

"அந்தத் துணியை நான் பார்க்கலாமா?" என்றாள்.

*

சபை வீட்டில் பெத்ரோனா எங்களுக்குக் காபி வைத்தாள். நான் பெஞ்சில் உட்கார்ந்து என் தொர்த்தியாப் பொட்டலத்தைப் பிரித்தேன். சபினா விபிலைக் கையில் வாங்கியதும் முதலில் அதைத் திருப்பினாள்.

"அண்ணே, இங்க வாங்க. முதுகுப்பக்கம் எந்த ஓரம் இறுக்கம்?"

பார்த்தேன். வலது ஓரம்.

"முன்னால பார்த்தா இடது கை. பின்னால பார்த்தா வலது கை. அப்ப மாருக்கு ஒருத்தி, முதுகுக்கு ஒருத்தின்னு ரெண்டு பொம்பளைங்க நெய்தாங்களா?"

தொர்த்தியாவைக் கீழே வைத்தேன். விபில் என்பது ஒரே நீளத் துணி. தோளில் மடிந்து முன்னுக்கும் பின்னுக்கும் விழுகிறது. முன்னால் இடது பக்கம் தெரியும் ஓரம், பின்னால் போனால் வலது பக்கம்தான் தெரியும். சின்னக் குழந்தைக்குத் தெரியும். எனக்குத் தெரியவில்லை. நான் பின்பக்கம் போய்ப் பார்க்கவே இல்லை.

"சரி, அப்ப எந்தக் கைன்னு எப்படித்தான் கண்டுபிடிக்கிறது?" என்றேன். குரல் தணிந்துவிட்டது.

"எந்த முனையில உக்காந்து நெய்தாங்கன்னு முதல்ல பார்க்கணும். உங்க வீட்டுல இடுப்புத்தறியே பார்த்ததில்லையா நீங்க?"

"பார்த்திருக்கேன். தாண்டிப் போயிருக்கேன்."

"அதானே. மிதிக்காம இருந்தீங்களே, அது வரைக்கும் புண்ணியம்."

பெத்ரோனா சால்வை முனையால் வாயை மூடிக்கொண்டு சிரித்தாள். சபினா பொறுமையாக எனக்குப் பாடம் எடுத்தாள். இடுப்புத்தறியில் முதலில் ஒரு முனையில் கொஞ்சம் நெய்வார்கள். பிறகு தறியை அப்படியே திருப்பிப் போட்டு, மறுமுனையில் ஆரம்பித்து முழு நீளத்தையும் நெய்துகொண்டே வருவார்கள். கடைசியில் இரண்டு நெசவும் சந்திக்கும் இடத்தில் பலகை நுழையாது. ஊசியால் ஒவ்வொரு நூலாகக் கோத்து முடிப்பார்கள். அந்த இடம் மட்டும் விரல் அகலத்துக்குக் கொஞ்சம் தளர்ந்தே இருக்கும்.

"இதோ." முன்பக்கக் கீழ் விளிம்புக்கு மேலே தொட்டுக் காட்டினாள். அதை நேற்று நானும் பார்த்தேன். துவைத்ததில் நெகிழ்ந்துவிட்டது என்று விட்டுவிட்டேன். "சந்திப்பு முன்பக்கம் இருக்குன்னா, நெய்தவ பின்பக்க முனையில உக்காந்து வந்திருக்கா. அப்ப பின்னால தெரியிறதுதான் கணக்கு. வலது கை. தோன்யா எவுசேபியா இல்ல."

நான் திருடி என்றவளை சபினா தோன்யா என்று மரியாதை சேர்த்துச் சொன்னாள். தாய் வெறும் பாவாடையும் சால்வையுமாக மூலையில் நின்றுகொண்டிருந்தாள். அவளைப் பார்க்க எனக்கு என்னவோ போல் இருந்தது.

பெத்ரோனா குனிந்து விளிம்பை அளந்தாள். "இது நம்ம ஊர் கையே இல்லையே. நாம எல்லாரும் ஒரு சாண் நெய்துட்டுத்தானே திருப்புவோம்? இது நாலு விரல்தான் இருக்கு."

சபினா தன் விபிலின் விளிம்பை இடுப்பிலிருந்து உருவிக் காட்டினாள். அதிலும் ஒரு சாண். "அம்மா எந்த அளவுல திருப்புறாங்களோ அதே அளவுதான் பொண்ணும் திருப்புவா. மாத்தவே மாட்டா. மாத்தணும்னு தோணவும் தோணாது. நாலு விரல் வைக்கிற வீட்டைக் கண்டுபிடிச்சா ஆளு கிடைச்சாச்சு."

சொல்லிக்கொண்டே என் தொர்த்தியாவில் ஒன்றை எடுக்கக் கை நீட்டினாள். நீட்டிய கை நின்றுவிட்டது. என் மடியில் விரிந்திருந்த துணியையே பார்த்தாள். அதன் ஓரத்தில் நாலு விரலை வைத்தாள். எடுத்தாள். பிறகு தொர்த்தியாக்களை மளமளவென்று பொட்டலமாகக் கட்டி என் பைக்குள் திணித்தாள்.

"சாப்பிட்டது போதும் அண்ணே. கிளம்பலாம்."

அவள் பத்து வார்த்தை பேசும் இடத்தில் நாலே வார்த்தை பேசினால் ஏதோ கோளாறு என்று அர்த்தம். வாசல் தாண்டியதும் பிடித்து நிறுத்தினேன்.

"அந்தத் துணி யார் நெய்தது?" என்று கேட்டாள்.

"எங்க அக்கா."

"அதான்."

*

அக்கா தொமிங்கா ஏரிக்கு அந்தப் பக்கம் சான் கிரிஸ்பினில், எங்கள் அம்மா பிறந்த ஊரிலேயே, வாழ்க்கைப்பட்டவள். எனக்குப் பன்னிரண்டு வயது மூத்தவள். அம்மா சீக்கிரம் போய்விட்டதால் என்னை வளர்த்ததே அவள்தான்.

பத்து மணிப் படகில் ஏறினோம். ஷோகொமில் காற்று பன்னிரண்டு மணிக்கு மேல் ஏரியைப் புரட்டிவிடும், திரும்புவதானால் சீக்கிரம் திரும்புங்கள் என்று படகுக்காரர் சொன்னார். நான் காதில் வாங்கவில்லை.

"வேற யார் வீட்டுலயாவது நாலு விரல் வைப்பாங்களா?" என்றேன்.

"நீங்க மெழுகுவர்த்தி ஏத்தி வேண்டிக்கிட்டா வைப்பாங்க."

"கிண்டல் பண்ணாதே சபினா."

"பண்ணலைன்னா நீங்க அழுதுடுவீங்க போல இருக்கு. எனக்கு அதைப் பார்க்க முடியாது." என் ஜாக்கெட் கைமுனையைப் பிடித்து இழுத்தாள். அங்கே நாணயம் அளவுக்கு ஒரு குட்டிச் சிவப்புப் பறவை தைத்திருந்தது. "இதுவும் அவங்க கைதானே?"

"ஆமா. பைக் சைலன்சர்ல பட்டு ஓட்டை விழுந்துடுச்சு. போன வருஷத் திருவிழா முடிஞ்சு அக்கா வீட்டுல தூங்கி எழுந்தேன், தைச்சு மாட்டி வெச்சிருந்தா."

"சைலன்சர் காலுக்குப் பக்கத்துல இருக்கு. கை எப்படி அங்க போச்சு? குட்டிக்கரணம் போட்டு ஓட்டுனீங்களா?"

"அக்காதான் சைலன்சர்னு சொன்னா."

"நீங்க போலீஸ்ல என்ன வேலை பார்த்தீங்க, டீ வாங்கிட்டு வர்ற வேலையா?"

அப்போதும் எனக்கு உறைக்கவில்லை. உறைக்காததற்குக் காரணம் இருந்தது. நான் வேறு ஒன்றை நினைத்துக்கொண்டிருந்தேன். சொல்லிவிடுகிறேன், மறைத்து என்ன ஆகப் போகிறது. பாதி ஏரி தாண்டும் வரை, எவுசேபியாவே திருடியாக இருந்துவிடக் கூடாதா என்று நினைத்தேன். அந்தத் தொர்த்தியாத் துணியைத் தண்ணீரில் நழுவ விட்டால் யாருக்குத் தெரியும் என்றும் நினைத்தேன். கை பைக்குள் போய் துணியைத் தொட்டது கூட. சபினா ஏரியைப் பார்ப்பது போல உட்கார்ந்திருந்தாள். பார்த்தாளோ இல்லையோ, பையைத் தூக்கித் தன் மடியில் வைத்துக்கொண்டாள்.

*

அக்கா வீட்டு முற்றத்தில் தறி மரத்தில் இல்லை. சுருட்டிச் சுவரில் மாட்டியிருந்தது. அவள் நல்ல சால்வை போட்டு, மடியில் ஒரு மூட்டையோடு புறப்படத் தயாராக உட்கார்ந்திருந்தாள்.

"வா தம்பி. ஒரு நாள் லேட்டு."

"நெய்தது நீயா?"

"உக்காரு. தண்ணி குடி."

"அக்கா, நெய்தது நீயா?"

"பத்து மாசம். முட்டி ரெண்டும் போச்சு. நல்லா இருந்துச்சா?"

"பிரமாதம் தோன்யா," என்றாள் சபினா. "இவரை ஏமாத்தினது பெரிய விஷயம் இல்ல. தோன்யா பெத்ரோனாவையே ஏமாத்திடுச்சே."

"அந்தச் செவப்பு நூல்தான் காலை வாரிடுச்சு. மூணு தண்ணி அலசினேன். நாலாவது அலசியிருக்கணும்."

இரண்டு பேரும் ஏதோ சமையல் குறிப்பு பேசுகிற மாதிரிப் பேசிக்கொண்டார்கள். எனக்குக் கோபம் தலைக்கு ஏறிவிட்டது. போலீஸ் குரல் தானாக வந்தது. "தாயோட துணியைத் திருடி யார்கிட்ட வித்தே? எந்த டூரிஸ்ட்காரன்? நம்ம அப்பா சபையில மெழுகுவர்த்தி தூக்கின வீடு, உனக்கு வெட்கமா இல்ல?"

அக்கா கையை உயர்த்தினாள். "அந்தக் குரல் என்கிட்ட வேண்டாம். உனக்குக் கால் கழுவி விட்டவ நான்."

மூட்டையை அவிழ்த்தாள். உள்ளே மாற்றுத் துணி இல்லை. பழுப்புப் பருத்தி, மங்கிய சிவப்புப் பறவைகள். அசல் விபில். அறுபது வருட மெழுகுப்புகை வாசனை அப்படியே வந்தது.

"விக்கவும் இல்ல, திருடவும் இல்ல. நானே எடுத்துட்டு வந்து மணி அடிக்கிறதுக்குள்ள சபையில வெச்சுடலாம்னுதான் கிளம்பினேன். எவுசேபியா நேத்து ராத்திரி போன் பண்ணி வராதேன்னா. அவ பேச்சைக் கேட்கக் கூடாதுன்னு காலையில முடிவு பண்ணேன்."

"அவ ஏன் வராதேன்னு சொன்னா?"

அக்கா விபிலைத் திருப்பினாள். முதுகுப்பக்கம், இரண்டு தோளுக்கும் நடுவில், உள்ளங்கை அளவு ஓட்டை. ஓரமெல்லாம் கருகியிருந்தது. ஒரு பறவைக்குத் தலை இல்லை.

அந்தச் சால்வை நினைவு வந்தது. தாய்க்குக் குளிருது.

"யார் பண்ணது இதை?" என்றேன்.

அக்கா என் கைமுனையைப் பார்த்தாள். சபினாதான் மெல்ல, "ஐயோ" என்றாள். பிறகு, "கையைத் தூக்குங்க அண்ணே" என்றாள்.

தூக்கினேன். நேற்று எவுசேபியாவைத் தூக்கச் சொன்ன மாதிரியே. கைமுனையில் அந்தக் குட்டிப் பறவை இருந்தது.

அக்கா தரையைப் பார்த்துக்கொண்டு சொன்னாள். போன வருடத் திருவிழாவின் கடைசி நாள். சபை வீட்டில் ஆண்கள் குடித்தோம். தாய் முன்னால் நீட்டும் கிண்ணத்தை மறுக்கக் கூடாது. நான் மறுக்கவில்லை, கேட்டும் வாங்கினேன். எனக்கு மட்டும் சாராயம் தலைக்கு ஏறாது என்று முப்பது வருடமாக ஊருக்கெல்லாம் சொல்லி வருகிறவன். சுருட்டை வாயில் வைத்துக்கொண்டு ஆடினேனாம். தாயைக் கட்டிக்கொண்டு, அவள் முதுகில் சாய்ந்து, கையில் சுருட்டோடு தூங்கிப்போனேனாம். மற்ற ஆண்களும் ஆளுக்கொரு மூலையில் விழுந்து கிடந்தார்கள்.

"எவுசேபியாதான் வாசனை பிடிச்சு ஓடி வந்தா. பக்கத்துல தண்ணி இல்ல. கையாலயே அடிச்சு அணைச்சா. வெறும் கையால."

"எந்தக் கை?" இதைக் கேட்டபோது என் குரல் எனக்கே கேட்கவில்லை.

"அவளுக்கு எந்தக் கை முந்தும்? இடது கைதான்."

இருநூறு பேர் முன்னால் தூக்கிக் காட்டச் சொன்ன கை. வழவழவென்று மின்னிய உள்ளங்கை. அடுப்புச் சூடு என்று நினைத்துக்கொண்டேன். தடயம் என் மூக்குக்கு முன்னால் இருந்தது, அதையே காட்டி அவளைத் திருடி என்றேன். என்னத்தைச் சொல்ல. பூமி பிளக்காதா என்று இருந்தது. பிளந்தாலும் எனக்கு இடம் கொடுக்காது என்றும் தோன்றியது.

"அவ ஏன் சொல்லல அக்கா? நேத்து ஒரு வார்த்தை சொல்லியிருக்கலாமே."

"நீ அவளைக் கேட்டியா?"

தூக்கிய கையை அப்போதுதான் இறக்கினேன்.

"வீட்டுக்குப் போய், தனியா உக்காந்து, எவுசேபியா என்ன நடந்துச்சுன்னு கேட்டியா? கேட்டிருந்தா சொல்லியிருப்பா. ஊர் நடுவுல நிக்க வெச்சு நீ கத்துனா, உன் மானத்தை அங்கயா போட்டு உடைப்பா? மலை சரிஞ்சப்ப அவ புருஷன் உடம்பை நாலு நாள் மண்ணைத் தோண்டி எடுத்துக் கொடுத்தியாம். அதைச் சொல்லித்தான் இதை மறைச்சா. தொமிங்கா, நீ ஒண்ணு நெய்து கொடு, நான் மாத்திடறேன், அவர் தலை குனியக் கூடாதுன்னா."

சபினா எழுந்து வாசலுக்குப் போய்விட்டாள். கிண்டல் செய்ய எவ்வளவு இருந்தது! ஒன்றும் செய்யவில்லை. அவள் வாயைத் திறந்து ஏதாவது சொல்லித் தொலைத்திருந்தால் நன்றாக இருந்திருக்கும்.

*

திரும்பும்போது காற்று பிடித்துக்கொண்டது. இருபத்தைந்து நிமிடத் தூரம், ஒரு மணி நேரத்துக்கு மேல் ஆனது. படகு ஒவ்வொரு அலைக்கும் எழும்பி விழுந்தது. அக்கா மூட்டையைப் பிளாஸ்டிக் தாளில் சுற்றி வயிற்றோடு அணைத்திருந்தாள்.

"நானே எரிச்சேன்னு சொல்லிடறேன்," என்றாள் திடீரென்று. "அடுப்புப் பக்கம் வெச்சேன், பத்திக்கிச்சுன்னு. பயந்துபோய் ஒண்ணு நெய்து மாத்தினேன்னு சொன்னா முடிஞ்சுபோச்சு. வயசானவளை என்ன பண்ணப் போறாங்க? எவுசேபியாவும் தப்பிச்சுடுவா, உன் பேரும் நிக்கும்."

உடனே "வேண்டாம்" என்று சொன்னேன் என்றுதான் எழுத ஆசை. சொல்லவில்லை. மூன்று அலை எழும்பி விழும் வரை பேசாமல் இருந்தேன். எண்ணிக்கொண்டுதான் இருந்தேன். சபினா என் முகத்தையே பார்த்துக்கொண்டிருந்தாள், நானும் அது தெரிந்தே பேசாமல் இருந்தேன். அந்த மூன்று அலைக்கு நான் இன்னும் பதில் சொல்லி முடிக்கவில்லை.

"வேண்டாம் அக்கா," என்றேன் கடைசியில்.

"அப்பாடா," என்றாள் சபினா. "நாலாவது அலையில உங்களைத் தள்ளிவிடலாம்னு இருந்தேன்."

மூன்று மணிக்குக் கோயில் வாசலில் நேற்றைவிடக் கூட்டம். பெத்ரோனா முன்னால் நின்றாள், பக்கத்தில் சபைத் தலைவர் கஸ்பார். எவுசேபியா படிக்கட்டுக்குக் கீழே தனியாக நின்றாள். அவளைச் சுற்றி ஆறடிக்கு யாரும் இல்லை. தலையிலிருந்து வெள்ளைத் துணியை எடுத்து, மடித்து, கொடுக்கத் தயாராகக் கையில் வைத்திருந்தாள். அந்த மடிப்பு எவ்வளவு நேர்த்தி! மணி அடித்து ஓய்ந்தது.

நான் ஜாக்கெட்டின் கைமுனையை உள்ளே மடித்துவிட்டுக்கொண்டு முன்னால் போனேன். ஏன் மடித்தேன்? சொல்லத்தானே போகிறேன், பிறகு என்ன மறைப்பு? கை தானாகச் செய்தது.

அக்கா விபிலை எடுத்து பெத்ரோனாவிடம் கொடுத்தாள். பெத்ரோனா விரித்தாள். ஓட்டை வழியாக அந்தப் பக்கம் நின்ற ஒரு குழந்தையின் முகம் தெரிந்தது. கூட்டத்தில் ஒரு சலசலப்பு.

"நான்தான்," என்றேன். "எவுசேபியா திருடலை. நான்தான் போன வருஷம் குடிச்சுட்டு... சுருட்டுல... இவங்க ரெண்டு பேரும் எனக்காக மறைச்சாங்க."

"என்னய்யா சொல்றாரு?" பின்னாலிருந்து ஒருவர் கேட்டார்.

"கேக்கலையே," என்றார் இன்னொருவர்.

அப்போதுதான் எவுசேபியா வாயைத் திறந்தாள். ஊர் முன்னால் இரண்டு நாளில் முதல் தடவை. கோபமாகச் சொல்லவில்லை. கடையில் சில்லறை கேட்கிற குரலில் சொன்னாள்.

"தோன் நிக்கானோர், நேத்து எல்லாருக்கும் கேக்குற மாதிரிதானே சொன்னீங்க. இன்னைக்கு ஏன் மெதுவாச் சொல்றீங்க?"

நேற்று நின்ற அதே படியில் ஏறினேன். கைமுனையைப் பிரித்துவிட்டேன். கையைத் தூக்கினேன். குரல் உடைந்தது, உடைந்தாலும் சத்தமாகவே சொன்னேன். நான் குடித்தேன், நான் எரித்தேன், இந்தப் பெண் தன் கையால் அணைத்தாள், அந்தக் கையைக் காட்டியே அவளைத் திருடி என்றேன், துணியை முன்பக்கம் மட்டும் பார்த்துவிட்டுச் சொன்னேன், அவளிடம் ஒரு கேள்வி கேட்கவில்லை. ஒவ்வொன்றாகச் சொன்னேன். கடைசி வரிசைக்கும் கேட்டது. கேட்டது என்று எனக்கு எப்படித் தெரியும் என்றால், கடைசி வரிசையில் நின்ற ஒரு கிழவர் தொப்பியைக் கழற்றிக்கொண்டு தரையைப் பார்த்தார். போன வருடம் எனக்குக் கிண்ணம் ஊற்றிக் கொடுத்தவர் அவர். கஸ்பாரும் யாரையும் பார்க்கவில்லை. அவரும் அன்றைக்கு மூலையில் விழுந்து கிடந்தவர்தான்.

யாரும் என்னைத் திட்டவில்லை. திட்டியிருக்கலாம்.

பெத்ரோனா இறங்கிப் போய், எவுசேபியாவின் கையிலிருந்த வெள்ளைத் துணியைப் பிரித்து அவள் தலையில் போட்டாள். "நாளைக்கு ஊர்வலத்துல தாய்க்கு எதைப் போடறது?" என்று கேட்டாள். "புதுசா, பழசா?"

உடுத்திவிடுகிறவள் எவுசேபியா. முடிவு அவளுடையது.

"பழசு," என்றாள். "சால்வை வேண்டாம். ஒரு வருஷமா முதுகை மூடி வெச்சிருந்தேன், தாய்க்கும் மூச்சு முட்டியிருக்கும்."

அவள் என்னைக் கடந்து போகும்போது, எவுசேபியா, என்னை மன்னிச்சுடு என்று சொல்ல வாயைத் திறந்தேன். அவள் என் கைமுனையைப் பிடித்து அந்தப் பறவையைக் கொஞ்ச நேரம் பார்த்தாள். இடது கை. உள்ளங்கைத் தோல் என் மணிக்கட்டில் பட்டபோது கண்ணாடி மாதிரி வழுக்கியது.

"நாளைக்கும் இந்த ஜாக்கெட்டையே போட்டுட்டு வாங்க," என்றாள். "தாய்க்குப் பின்னால நடங்க."

மறுநாள் வெயில் மண்டையைப் பிளந்தது. ஊர்வலத்தில் எல்லாரும் சட்டையோடு நடந்தார்கள். நான் ஜாக்கெட்டைப் போட்டுக்கொண்டுதான் போனேன்.